அரக்குப் புடவையில் ஒரு கோடு

போன மாதம் முள்ளிப்பட்டில் அத்தையின் பதினாறாம் நாள் காரியம் முடிந்து, சொந்தக்காரர்கள் எல்லாம் பஸ்ஸுக்குக் கிளம்பிவிட்ட பிறகு, அத்தை மகள் பீரோவைத் திறந்து ஒரு புடவையை எடுத்து வந்து என் மடியில் வைத்தாள். அவளுடைய கல்யாணப் புடவை. அரக்கு நிறம், உடல் முழுக்கச் சின்னச் சின்ன ஜரிகைப் புட்டா, பச்சை முந்தானை. கல்யாணமாகி வேலூருக்குக் குடித்தனம் போனபோது அவள் அதை எடுத்துக்கொண்டு போகவில்லை. அம்மாவிடமே இருக்கட்டும் என்று விட்டிருந்தாள். இப்போது அம்மா இல்லை. "இத இன்னா பண்றது, நீயே சொல்லு. பழைய ஜரிகை வாங்கறவன் தெருவுல கூவிகினு போறான். போட்டுடலாமா? எப்படியும் டேமேஜ் பொடவதானே" என்றாள்.

நான் புடவையைப் பிரித்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். உடலின் நடுவில், இந்தக் கரையிலிருந்து அந்தக் கரை வரை, தலைமுடி அகலத்துக்கு ஒரு கோடு. அதற்கு ஒரு பக்கம் அரக்கு கொஞ்சம் வெளுத்த மாதிரியும் மறுபக்கம் புதிதாகவும் இருக்கும். சாதாரணமாகப் பார்ப்பவர்களுக்குத் தெரியாது. ஆரணியில் பட்டுக் கடை வைத்திருப்பவர் யாராக இருந்தாலும் கையில் வாங்கின மாத்திரத்தில் கண்டுபிடித்து, பேசாமல் மடித்துத் திருப்பிக் கொடுத்துவிடுவார். ஓடிக்கொண்டிருந்த தறி இந்த இடத்தில் மாதக்கணக்கில் நின்றுபோனது என்பதற்கு அந்தக் கோடுதான் சாட்சி. நிறுத்தியது ஒரு கோர்ட்டு உத்தரவு. அந்த உத்தரவை வாங்கியவள், இந்தப் புடவையைக் கட்டப்போகும் பெண்ணைப் பெற்றவளான என் அத்தை.

அத்தை அப்பாவுக்கு ஒரே தங்கை. குள்ளமான உருவம், அதற்குச் சம்பந்தமில்லாத குரல். பக்கத்திலிருக்கும் முள்ளிப்பட்டில் ஒரு நெசவுக் குடும்பத்தில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். மாமா வாயில்லாப் பூச்சி. வீட்டுக்குத் தேவையான பேச்சு முழுவதையும் அத்தையே பேசிவிடுவாள். வாரம் தவறாமல் டவுன் பஸ் பிடித்து ஆரணியில் எங்கள் வீட்டுக்கு வந்துவிடுவாள். வந்ததும் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே அடுப்பில் என்ன கொதிக்கிறது என்று வாசனையில் கண்டுபிடித்து அதில் ஒரு குறை சொல்வாள். அம்மாவுக்கும் அவளுக்கும் ஆகாது. அது தெரு அறிந்த விஷயம். ஒருமுறை கிரைண்டர் கல்லைச் சரியாகக் கழுவவில்லை என்று ஆரம்பித்த சண்டை தீபாவளி தாண்டி ஓடியது. இரண்டு பேரும் ஒரே அறையில் உட்கார்ந்துகொண்டு என் வழியாகப் பேசிக்கொள்வார்கள். "உங்கம்மாவுக்கு காப்பி வேணுமான்னு கேளு." "வேணாம்னு உங்கத்தைக்குச் சொல்லு." நான் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருப்பேன்.

அப்பா அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. தலை நரைத்து, கல்யாண வயதில் பெண் வைத்திருந்தவளைக்கூட "பாப்பா" என்றுதான் கூப்பிடுவார். அவள் வந்தால் தறியிலிருந்து எழுந்துவிடுவார். வேலை நேரத்தில் அவர் தறியை விட்டு எழுவது அவளுக்காக மட்டும்தான்.

அப்பா நல்ல நெசவாளி. ஆனால் அந்த வேலையில் இருக்கும்போதெல்லாம் வேறு ஒரு வேலையைப் பற்றி யோசித்துக்கொண்டிருப்பவர். ஒரு சமயம் மெஸ் வைத்தார். இட்லி நன்றாக இருந்தது, சாப்பிட்டவர்கள் எல்லாம் சொந்தக்காரர்கள். ஒரு சமயம் ஷேர் ஆட்டோ வாங்கினார். ஓட்டக் கிடைத்தவனுக்கு ஆட்டோ தவிர எல்லாம் ஓட்டத் தெரிந்தது. இதையெல்லாம் அம்மா பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்துப் போனாள். வீட்டில் இரண்டு குழித்தறி, ஒன்று அப்பாவுடையது, ஒன்று அவளுடையது. அப்பாவின் தறி நிற்கும் காலத்தில் அவள் தறி நிற்காது. அந்தத் துணிச்சலில் அவள் இருந்தாள்.

அந்த வருடம் வந்த திட்டம் பெரியது. வேலூரில் பழைய சினேகிதர் ஒருவர் பட்டு ஷோரூம் திறக்கப் போகிறார், அப்பா அதில் பங்குதாரர். அதற்கு முதல் வேண்டும். எங்கள் தெருவில் ஒரு பெரிய பட்டு வியாபாரி குடோன் கட்டுவதற்கு அடுத்தடுத்து வீடுகளை வாங்கிக்கொண்டிருந்தார். அப்பா போய்ப் பேசி, வீட்டை விற்பதாக அட்வான்ஸும் வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். நாங்கள் தற்காலிகமாகப் பஜார் பக்கம் ஒரு மாடி வீட்டுக்கு வாடகைக்குப் போவதாக ஏற்பாடு.

அம்மா ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். "மாடி வூட்ல குழித்தறிய எங்க போடறதுங்க? தரைய வெட்டினா கீழ் வூட்டுக்காரன் தலை மேலதான் கால் வுழும்." அப்பா, இனி நீ நெய்ய வேண்டியதில்லை, ஷோரூம் முதலாளி பெண்டாட்டியாகக் காலாட்டிக்கொண்டு உட்காரலாம் என்றார். "வூடு பூர்வீகம். உன் கிட்ட கேட்டு விக்கணும்னு இல்ல. பட்டா என் பேர்ல கீது" என்றும் சொன்னார். கோபமாகச் சொல்லவில்லை, தகவல் மாதிரிதான் சொன்னார். அம்மா தன் தறியில் இறங்கி உட்கார்ந்து நெய்ய ஆரம்பித்தாள். அவள் முகத்தை அன்று பார்த்தவர்களுக்கு விஷயம் புரிந்திருக்கும். அந்தக் குழியில் கால் வைத்து உட்கார்ந்துதான் அவள் இந்த வீட்டில் ஒரு ஆளாக இருந்தாள். அதை மண்போட்டு மூடிவிட்டு மாடி ஏறு என்றால் எப்படி? எனக்கு அவளைப் பார்க்கப் பாவமாக இருந்தது. ஆனால் அப்பாவை எதிர்த்துப் பேசவும் எனக்கு வரவில்லை.

ஆடி வெள்ளிக்கு அவள் வழக்கம்போலப் படவேடு ரேணுகாம்பாள் கோயிலுக்குப் போய்விட்டு வந்தாள். அங்கிருந்து திரும்ப பஸ் கிடைப்பது குதிரைக்கொம்பு. இருட்டும் நேரத்துக்குத்தான் வீடு வந்து சேர்ந்தாள். அத்தையும் அன்று அங்கே வந்திருந்தாளாம், கண்டும் காணாமல் வந்துவிட்டேன் என்றாள்.

ஆவணியில் ஒரு காலை கோர்ட்டு அமீனா வந்தார். அப்பா தறியில் இருந்தார். தறியில் இருந்தது இந்த அரக்குப் புடவை; சரியாகப் பாதி முடிந்திருந்தது. எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. தங்கை மகளுக்குக் கல்யாணம் என்றால் முகூர்த்தப் புடவையைத் தாய்மாமன் தன் தறியில், தன் கையால் நெய்து கொடுக்க வேண்டும். வேறு ஆளை விட்டு நெய்வதும் கூடாது, கடையில் வாங்குவதும் கூடாது. அத்தை மகளுக்கு மாப்பிள்ளை தேடத் தொடங்கியதுமே அப்பா தறியில் நீளவாட்டு நூலான பாவை ஏற்றிவிட்டார். ஷோரூம் கனவுக்கு நடுவிலும் அந்தப் புடவையை மட்டும் அவர் ஆசையோடு நெய்தார். புட்டாவின் கொடியைத் தானே யோசித்து, தறிக்கான டிசைன் அட்டை அடிக்கக் கொடுத்திருந்தார்.

அமீனா வாசலில் நின்றபடி விஷயத்தைச் சொன்னார். வீட்டில் பங்கு கேட்டுப் பாகப்பிரிவினை வழக்கு போட்டிருக்கிறார்கள். அது முடியும்வரை வீட்டை விற்கக்கூடாது, அடகு வைக்கக்கூடாது, யார் பெயருக்கும் மாற்றக்கூடாது, இருக்கிற நிலையிலேயே வைத்திருக்க வேண்டும் என்று கோர்ட்டு இடைக்காலத் தடை கொடுத்திருக்கிறது. வாங்க வந்த வியாபாரிக்கும் ஒரு நகல் போகிறது. "வாதி யாருங்க?" என்றார் அப்பா. அமீனா அத்தையின் பெயரைப் படித்தார். அந்த வீட்டில் யாரும் சொல்லாத பெயர். யாரோ மூன்றாம் மனுஷி என்று ஒரு நொடி எனக்கே தோன்றிவிட்டது. அப்பா கையெழுத்துப் போட்டு வாங்க மறுத்தார். அமீனா வாசல் கதவில் ஒட்டிவிட்டு, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுப் போனார். தெருவே வந்து கதவைப் படித்தது.

அப்பா தறிக்குத் திரும்பினார். நெய்யப்போகிறார் என்று நினைத்தேன். குறுக்கு நூல் ஓட்டும் நாடாவை எடுத்து ஒரு ஓரமாக வைத்தார். குழியிலிருந்து ஏறி வந்து, கொடியில் கிடந்த தன் வேட்டியை எடுத்துத் தறிமேல் போர்த்தினார்.

"இருக்கறத இருக்கற மாதிரியே வெக்க சொல்லிட்சி கோர்ட்டு. தறி வூட்ல கீது. பொடவ தறில கீது. நா தொட மாட்டேன். தொட்டா தண்டன குடுப்பாங்க" என்றார்.

அப்படி இல்லை, வீட்டை விற்கக்கூடாது என்பதுதான் உத்தரவு என்று நான் எடுத்துச் சொன்னேன். தெள்ளாரில் ஒரு தனியார் பள்ளியில் டீச்சராகச் சேர்ந்திருந்த புதிது, படித்ததைச் சொல்லும் ஆர்வம் குறையாத காலம். அவர் கேட்கவில்லை. கொஞ்சம் நிஜமாகவே நம்பினார், கொஞ்சம் வேண்டுமென்றேதான் நம்பினார் என்று இப்போது தோன்றுகிறது. தங்கை தன்னைக் கோர்ட்டுக்கு இழுத்தாள், சரி. அவள் கேட்ட தடையை அவள் மகள் புடவைமேலேயே போட்டுக் காட்டுகிறேன் என்ற வீம்பு. எந்த நெசவாளியும் தறியை நீண்ட நாள் விடுவதாக இருந்தால் பாவைத் தளர்த்திவிட்டுத்தான் போவான். இல்லாவிட்டால் நெய்த இடத்தில் கோடு விழுந்துவிடும். அப்பா அதையும் செய்யவில்லை. இழுத்துக் கட்டினது கட்டினபடியே நின்றது.

அம்மா பக்கத்துத் தறியில் நெய்துகொண்டே இருந்தாள். "உன் தறியும் வூட்லதான் கீது" என்று அப்பா ஒருநாள் குத்தினார். அம்மா தலையைத் தூக்காமல், "தடை உங்களுக்கும் அந்தக் கடைக்காரருக்கும்தாங்க. நா வாதியும் இல்ல, பிரதிவாதியும் இல்ல" என்றாள். அம்மா ஐந்தாம் வகுப்பு தாண்டாதவள். இந்த வார்த்தையெல்லாம் எங்கே பிடித்தாள் என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது. அமீனா சொன்னதைக் கேட்டிருப்பாள் என்று விட்டுவிட்டேன்.

ஐப்பசி மழை பிடித்துக்கொண்டது. ஈரத்தில் பட்டு நூல் தளர்ந்து ஒட்டிக்கொள்ளும். அம்மா இரண்டு தறிகளுக்கும் நடுவில் கரி நெருப்புச் சட்டி ஒன்றைக் கொண்டு வைத்தாள். அப்பா முறைத்தார். "என் தறிக்குத்தாங்க வெச்சேன். அனலு அந்தப் பக்கமும் போனா அத நா புடிச்சிகினு இருக்க முடியுமா?" எலி வராமல் இருக்க வேட்டியின் நான்கு மூலையையும் அவள்தான் இழுத்து முடிந்து வைத்தாள். அதற்கு என்ன காரணம் சொன்னாள் என்று நினைவில்லை, ஏதோ ஒன்று சொன்னாள்.

தெள்ளாரிலிருந்து நான் பஸ் மாறி ஆரணி வந்து சேரும்போது சாயங்காலம் ஆகிவிடும். அப்பா தன் டிவிஎஸ் வண்டியில் பஸ் ஸ்டாண்டுக்கு வந்து நிற்பார். ஒருநாளும் தவறியதில்லை. வீடு வருகிறவரை அத்தையைத் திட்டிக்கொண்டே ஓட்டுவார். கட்டிக்கொடுத்தபோது செய்த சீர், பிரசவத்துக்கு அழைத்து வந்தது, மாமாவுக்கு டைபாய்டு வந்தபோது ஆஸ்பத்திரியில் கிடந்தது, எல்லாம் வரும். "பேஜார் பண்ணிட்டா. சொந்தத் தங்கச்சி" என்பார். காற்றில் பாதி வார்த்தை எனக்குக் கேட்காது. கேட்டதற்கு மட்டும் "ஆமாம்பா" என்பேன். நடுவில் நிறுத்தி, எனக்குப் பிடிக்கும் என்று சூடாக வேர்க்கடலை வாங்கிக் கொடுப்பார். மறுபடி விட்ட இடத்திலிருந்து திட்டுவார்.

தடையை நீக்கச் சொல்லி அப்பாவின் வக்கீல் மனு போட்டார். விசாரணை அன்று நான் லீவு போட்டுவிட்டு உடன் போனேன். கோர்ட்டு வளாகத்தில் புளியமரத்தடியில் அத்தையும் மாமாவும் நின்றிருந்தார்கள். அப்பா அந்தப் பக்கம் பார்க்கவேயில்லை. நான் தண்ணீர் பிடிக்கக் குழாய்ப் பக்கம் போனபோது அத்தை பின்னாலேயே வந்தாள். வழக்கு பற்றிப் பேசப்போகிறாள் என்று மனதைத் திடப்படுத்திக்கொண்டேன்.

"உங்கப்பன் காலைல சாப்ட்டானா?"

"இல்லத்த. எறங்கலன்னிட்டாரு."

"வெறும் வயித்துல நின்னா அவனுக்குத் தலை சுத்தும்டி. சின்னதுலருந்தே அப்படித்தான்" என்றவள், மாமாவைக் கூப்பிட்டு டீயும் பன்னும் வாங்கி அப்பாவின் வக்கீல் குமாஸ்தாவிடம் கொடுத்தனுப்பச் சொன்னாள். வக்கீல் வாங்கிக் கொடுத்ததாக நினைத்து அப்பா குடித்தார். நல்ல வக்கீல், மனுஷத்தன்மை உள்ளவர் என்று என்னிடம் பாராட்டவும் செய்தார். எனக்குச் சிரிப்பு வந்தது, அழுகையும் வந்தது.

அந்த நல்ல வக்கீல் உள்ளே போய், தடையினால் தன் கட்சிக்காரரின் பிழைப்பே நின்றுவிட்டது, தறிகூட ஓடவில்லை என்று வாதாடினார். பெண் நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு, உத்தரவில் தறி எங்கே வருகிறது என்று கேட்டார். வக்கீல் உத்தரவைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். நீதிபதி அப்பாவையே கேட்டார். அப்பா கைகட்டிக்கொண்டு, "ஐயா... அம்மா, இருக்கறபடி வெக்க சொல்லியிருந்ததுங்க. நா தறியத் தொடக்கூட இல்லைங்க" என்றார். அவர் குரலில் ஒரு பெருமை இருந்தது. உத்தரவை இவ்வளவு ஒழுங்காக மதித்தவன் வேறு எவன் என்கிற பெருமை.

"வீட்டை விக்கத்தான்யா தடை. நெய்யறதுக்கு யாரு தடை போட்டாங்க?" என்றார் நீதிபதி. கோர்ட்டே சிரித்தது. அப்பாவின் வக்கீலும் சிரித்தார். அப்பா தலையைக் குனிந்துகொண்டார். நான் திரும்பி அத்தையைப் பார்த்தேன். அவள் சிரிக்கவில்லை. புடவை நின்றுபோன விஷயம் அந்த நொடியில்தான் அவளுக்குத் தெரிந்தது என்று நினைக்கிறேன். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அண்ணனையே பார்த்துக்கொண்டிருந்தாள். வழக்கு முடியும்வரை தடை தொடரும் என்று உத்தரவாகிவிட்டது.

நெய்யலாம் என்று கோர்ட்டே சொன்ன பிறகும் அப்பா நெய்யவில்லை. அவமானம் இன்னும் கொஞ்சம் சேர்ந்ததுதான் மிச்சம். தறிமேல் வேட்டி அப்படியே கிடந்தது. இதற்குள் அத்தை மகளுக்கு நல்ல இடம் அமைந்து, தை மாதத்தில் கல்யாணம் என்று முடிவாகிவிட்டது.

முதல் பத்திரிகை தாய்மாமனுக்கு வைக்க வேண்டும். வழக்கு போட்ட அத்தை, தான் தடை வாங்கின அந்த வீட்டுக்கே தாம்பாளத்தோடு வந்தாள். கதவில் உத்தரவை ஒட்டிய பசை இன்னும் காய்ந்து கிடந்தது. அதைத் தாண்டித்தான் உள்ளே வந்தாள். அம்மா அடுப்பங்கரையை விட்டு வெளியே வரவில்லை. அப்பா நாற்காலியில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். அத்தை தாம்பாளத்தைத் தறியின் பலகைமேல் வைத்து, வேட்டியின் ஒரு மூலையை விலக்கிப் பார்த்தாள். அவளும் நெசவு வீட்டில் பிறந்து நெசவு வீட்டுக்குப் போனவள். பார்த்த உடனே தெரிந்திருக்கும்.

"அண்ணா. கேசு கேசாவே இருக்கட்டும். அத நா வாபஸ் வாங்க மாட்டேன். ஆனா அவ உன் மடியில உக்காந்து காது குத்திகினவ. வர்றதும் வராததும் உன் இஷ்டம்" என்றாள். அவள் குரல் அவ்வளவு சின்னதாக இருக்க முடியும் என்று அன்றுதான் தெரிந்தது. அப்பா திரும்பவில்லை. அவள் போய்விட்டாள்.

மறுநாள் காலை நான் பள்ளிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தபோது இரண்டு தறிச் சத்தம் கேட்டது. அம்மா என்னைப் பார்த்து உதட்டில் விரல் வைத்தாள்.

கோடு விழுந்திருந்தது. அப்பா நெய்ததைக் கொஞ்சம் பிரித்து எடுத்துப் பார்த்தார், நெருப்புச் சட்டியின் அனலில் காட்டிப் பார்த்தார், போகவில்லை. புதுப் பாவு ஏற்றி முதலிலிருந்து நெய்ய நாளில்லை. அந்தக் கோட்டோடு புடவையை முடித்து, கல்யாணத்துக்கு எடுத்துப் போனார். தாய்மாமன் செய்ய வேண்டிய முறை எல்லாம் செய்தார். பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டார். தங்கையோடு ஒரு வார்த்தை பேசவில்லை. புடவையை வாங்கும்போது அத்தை அதைப் பிரித்துப் பார்த்தாள். அந்த இடத்தைக் கண்டதும் உள்ளங்கையால் ஒருமுறை தடவிவிட்டு, மகளிடம் கொடுத்தாள்.

அதற்குப் பிறகு வழக்கு இழுத்துக்கொண்டு போனது. குடோன்காரர் காத்திருந்து பார்த்துவிட்டு, கொடுத்த அட்வான்ஸைத் திரும்ப வாங்கிக்கொண்டு வேறு தெருவுக்குப் போனார். வேலூர் சினேகிதர் வேறொருவரைப் பங்குக்குச் சேர்த்துக்கொண்டார். அப்பாவும் தறியில் பழையபடி உட்கார்ந்துவிட்டார். அப்போதுதான் அத்தையின் வக்கீல் சமாதானம் பேச அழைத்தார். அத்தை பங்கு வேண்டாம் என்கிறாள், வழக்கையும் முடித்துக்கொள்கிறாள், ஒரே ஒரு நிபந்தனை என்றார். பணம் கேட்கப்போகிறாள் என்று அப்பா, அம்மாவையும் என்னையும் கூட்டிக்கொண்டு, தயாராகத்தான் போனார்.

"என் பங்க எழுதிக் குடுத்துடறேன்" என்றாள் அத்தை. "அண்ணனுக்கு இல்ல. அண்ணி பேர்ல."

அப்பா மெதுவாக அம்மா பக்கம் திரும்பினார். அம்மா கைப்பையின் ஜிப்பைத் திறந்து மூடிக்கொண்டிருந்தாள். எனக்குப் படவேடும், வராத பஸ்ஸும், வாதி பிரதிவாதியும், நெருப்புச் சட்டியும் ஒவ்வொன்றாகக் கூடி வந்தன. கிரைண்டர் கல்லுக்குச் சண்டை போட்ட இரண்டு பேர், ரேணுகாம்பாள் கோயில் பஸ் நிறுத்தத்தில் ஒரு சாயங்காலம் முழுக்க உட்கார்ந்து இதைப் பேசி முடித்திருக்கிறார்கள். மனைவிக்கு அந்த வீட்டில் கேட்க உரிமை இல்லை, தங்கைக்கு இருந்தது. அதனால் தங்கை கேட்டாள்.

"ரெண்டு பேரும் பேசிகினுதான் இருந்தீங்களா?" என்றார் அப்பா.

"அன்னிக்கு ஒரு நாள்தாங்க. அப்புறம் பேசல" என்றாள் அம்மா. "பேசினா நீங்க கண்டுபுடிச்சிடுவீங்களே."

அப்பாவுக்குக் கோபம் வரும் என்று எல்லோரும் காத்திருந்தோம். அவர் தங்கை பக்கம் திரும்பி, "பாப்பா, அந்தக் கோடு போவவே இல்லம்மா. ஆன மட்டும் பாத்தேன்" என்றார். அத்தை மேசைமேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டு அழுதாள். பத்திரம் பதிவான பிறகு எங்கள் வீட்டுக்குக் கோர்ட்டுத் தடை எதுவும் தேவைப்படவில்லை. அம்மா கையெழுத்து இல்லாமல் அதை யாரும் விற்க முடியாது. அம்மா எதில் வேண்டுமானாலும் கையெழுத்துப் போடுவாள், அதில் போடமாட்டாள். அப்பா கடைசிவரை அந்தத் தறியில்தான் இருந்தார். அவர் படுக்கையில் கிடந்த நாட்களில் அத்தை வந்து தங்கி, அம்மா வைக்கும் கஞ்சியில் உப்பு போதவில்லை என்று சண்டை போட்டாள்.

இதுவரைதான் எனக்குத் தெரிந்திருந்தது. மிச்சம், போன மாதம் அந்தப் பதினாறாம் நாள் மத்தியானம் தெரிந்தது. அத்தை மகள் "டேமேஜ் பொடவ" என்றதும், சுவரோரம் பாயில் சாய்ந்திருந்த அம்மா எழுந்து உட்கார்ந்தாள். இத்தனை வருடம் கழித்து அதை ஏன் சொன்னாள் என்றால், சொல்லாதே என்று தடுத்தவள் அன்று இல்லை.

"படவேட்டுலருந்து வர்ற வழியிலயே ரெண்டு பேரும் வக்கீலப் பாத்தோம். வக்கீலு மொதல்ல உங்கம்மாவ வேணாம்னுதான் சொன்னாரு" என்று அத்தை மகளைப் பார்த்து அம்மா சொன்னாள். பிறகு என்னைக் காட்டினாள். "இவளத்தான் கேட்டாரு. பூர்வீக சொத்து, பொண்ணுக்கும் பங்கு உண்டு, மேஜரான பொண்ணு, வூட்லயே கீறா. அவ பேர்ல போட்டா ஜல்தியா தடை கெடைக்கும். கட்டிக் குடுத்த தங்கச்சி எதுக்குன்னாரு. நானும் சரின்னுதான் வாயத் தொறந்தேன். உங்கம்மா என் தொடையில கிள்ளினா பாரு. அப்பன் மேல கேசு போட்ட பொண்ணு அந்த வூட்ல எப்படி சோறு தின்னும்னா. எனக்குத்தான் கல்யாணம் ஆயிட்சே, அண்ணன் பேசலன்னா முள்ளிப்பட்டுல கெடக்கறேன், அவ எங்க போவான்னா. என் பேரப் போடுங்கன்னு சொல்லிட்டா. உன் பொடவ அப்போ பாதி தறியில கீதுன்னு அவளுக்குத் தெரியும்."

எனக்கு வேறெதுவும் தோன்றவில்லை, ஆரணி பஸ் ஸ்டாண்டு மட்டும்தான் கண்முன் வந்தது. அங்கே வண்டியோடு நின்ற அப்பா, கையில் சூடான வேர்க்கடலைப் பொட்டலம், வழி முழுக்க அவர் திட்டு. அந்த வழக்கு என் பெயரில் இருந்திருந்தால், அத்தனை சாயங்காலமும் நான் பஸ்ஸிலிருந்து இறங்கித் தனியாக நடந்துதான் வீட்டுக்குப் போயிருப்பேன். வீட்டிலும் யாரோடு பேசியிருப்பேன்? அப்பாவின் பேச்சை எனக்கு விட்டுவிட்டு, அவர் கோபத்தை அத்தை தன் பெயரில் எழுதி வாங்கிக்கொண்டாள். அவள் இருந்தபோது இது தெரியாமல் போனதே என்றுதான் எனக்கு அழுகை வந்தது.

அத்தை மகள் முகத்தைத் துடைத்துக்கொண்டு புடவையை என் மடியிலிருந்து எடுத்தாள். ஒரு முனையை அவளும் மறுமுனையை நானும் பிடித்தோம். கல்யாணத்தன்றும், பிறகு கட்டிய ஒன்றிரண்டு விசேஷத்திலும் அந்தக் கோடு கொசுவத்துக்குள் போகிற மாதிரிதான் கட்டினாளாம். "அம்மா ஒவ்வொரு தடவையும் சண்டைக்கு வரும், அத வெளிய வெச்சி கட்டுடின்னு. நான்தான் கேக்கல" என்றாள். பழக்கத்தில் அவள் கை கோட்டை உள்ளே தள்ளித்தான் மடிக்கப் போனது. பிறகு நின்று, திருப்பி, கோடு மேலே தெரியும்படி மடித்தாள். தெருவில் ஜரிகைக்காரன் கூவிக்கொண்டு போனான். அவனை யாரும் கூப்பிடவில்லை.